தொண்ணூற்றொன்பதாவது டிராக்

மாலை ஐந்து மணி நாற்பது நிமிடம். கதவைத் திறந்ததும் முதலில் கண்ணில் பட்டது ஒரு மஃப்ளர். பழுப்பு நிறக் கம்பளி, கழுத்தில் இரண்டு சுற்று. அது வைகாசி மாதம். கருட சேவை முடிந்து நான்கு நாள் ஆகியிருந்தது. தெருவில் உருகிய தார் செருப்பில் ஒட்டியது.

வந்தவரின் முகம் எனக்கு அவ்வளவாகப் பழக்கமில்லை. குரல் தெரியும். காஞ்சிபுரத்தில் எல்லோருக்கும் தெரியும். ஆட்டோவின் கூரையில் இரண்டு குழாய் ஒலிபெருக்கிகளைக் கட்டி, பின்சீட்டில் மைக்குடன் உட்கார்ந்து, இருபது வருடமாக ஊருக்குச் செய்தி சொன்னவர். பட்டுச் சேலைத் தள்ளுபடி, தண்ணீர் வராத நாள், காணாமல் போன பிள்ளை, சாவு. அன்று வாசலில் நின்று அவர் பேசிய முதல் வாக்கியத்தை நான் திரும்பக் கேட்க வேண்டியிருந்தது. முதலில் காற்று மட்டும் வந்தது. அதற்குப் பின்னால் குரல் வந்தது.

"நீதானப்பா சிடி போட்டுக் குடுக்கறது?"

நான்தான். அது இரண்டாயிரத்து இரண்டாம் ஆண்டு. ஒரு நாளிதழுக்குப் பகுதிநேர நிருபராக இருந்தேன். சென்னையில் பழைய சாமான் கடையில் வாங்கிய கணினி ஒன்று உள்ளறையில் இருந்தது. அதில் ஒரு சிடி ரைட்டர். எங்கள் தெருவில் வேறு யாரிடமும் அது இல்லை. கல்யாண வீடுகளுக்கு நாதஸ்வரம், ஆட்டோக்காரர்களுக்கு சினிமாப் பாட்டு, பஜனைக் குழுவுக்கு அவர்களுடைய பஜனையே. ஒரு வட்டில் எழுபத்து நான்கு நிமிடம் பிடிக்கும். குறைந்த வேகத்தில் போட்டால்தான் எல்லாப் பிளேயரிலும் பாடும் என்று நான் நம்பியதால், ஒரு வட்டுக்கு ஏறக்குறைய நாற்பது நிமிடம் ஆகும். அந்த நேரத்தில் கீபோர்டைத் தொடக் கூடாது. நடுவில் மின்சாரம் போனால் வட்டு வீண். வீணான வட்டுகளை அம்மா மொட்டை மாடியில் கயிற்றில் கட்டித் தொங்கவிட்டிருந்தாள். வடகத்துக்குக் காக்கை வராது.

அவருடன் இன்னொருவர் வந்திருந்தார். அவருடைய மனைவியின் தம்பி, ஆட்டோ ஓட்டுபவர். நாற்பது வயது இருக்கும். மெல்லிய, கீச்சென்ற குரல்.

"மாமாவுக்குத் தொண்டையில ஆப்ரேசன்பா. மெட்ராஸ்ல சொல்லிட்டாங்க. குரல்வளையே எடுத்துடுவாங்களாம்."

"எப்போ?"

"மூணு வாரம் கழிச்சி வரச் சொல்லிக்கீறாங்க. பெட்டு காலி இல்ல."

அறிவிப்பாளர் கையை உயர்த்தி மச்சானை நிறுத்தினார். அவருக்கு வேண்டியது என்ன என்பதைத் தெளிவாக யோசித்து வைத்திருந்தார். குரல் போவதற்குள் அதைத் துண்டு துண்டாகப் பதிந்துகொள்ள வேண்டும். கிழமைகள், தேதிகள், மணிகள், தெருக்கள், அவர் வழக்கமாகச் சொல்லும் வாக்கியங்கள். பிறகு வேலை வரும்போது நான் கணினியில் அவற்றை ஒட்டி ஒரு சிடி போட்டுத் தர வேண்டும். ஆட்டோ சுற்றும். சிடி பேசும். அவர் எப்போதும்போல் பின்சீட்டில் உட்கார்ந்திருப்பார்.

"வாய் தெறக்காத மட்டும் ஒக்காந்துக்கினு இருந்தா, யாருக்கும் தெரியாதுபா," என்றார்.

"நீ இன்னாத்துக்கு மாமா, நான் பேசறேன்," என்றார் மச்சான்.

"நீ பேசனா செத்தவன் எழுந்து ஒக்காந்துப்பான்."

மச்சான் சிரித்தார். அவர் சிரிக்கவில்லை. சிரித்தால் இருமல் வந்தது.

நிருபர் நோட்டில் பட்டியல் போட்டோம். ஒரு ஆடியோ சிடியில் தொண்ணூற்றொன்பது டிராக்குக்கு மேல் ஏறாது. கிழமை ஏழு, தேதி முப்பத்தொன்று, மணி பன்னிரண்டு. இன்று, நாளை, காலை, மாலை நான்கு. பிள்ளையார்பாளையம், ஓரிக்கை, தாமல், திருப்புட்குழி என்று ஊர்களும் தெருக்களுமாக இருபத்து நான்கு. வாக்கியங்கள் இருபது. மொத்தம் தொண்ணூற்றெட்டு. ஒரு இடம் மிச்சம்.

"அது சாவுக்கு," என்றார். "கடைசீல வெச்சுக்கோ."

அவருக்கு வரும் வேலையில் பாதிக்கு மேல் சாவு அறிவிப்பு. தள்ளுபடிக்கு நோட்டீஸ் அடித்துக்கொள்ளலாம். சாவுக்கு அவகாசம் கிடையாது. அதுவும் அவர் குரலில் சொன்னால்தான் ஊர் நம்பும் என்று ஒரு எண்ணம் இருந்தது. ஆனால் அந்தச் செய்தியை அவர் ஒருபோதும் கேசட்டில் பதிந்ததில்லை. விளம்பரத்துக்கு கேசட் ஓடும். சாவை மட்டும் ஒவ்வொரு முறையும் நேரில்தான் சொல்வார்.

"ரெக்கார்டு பண்ணிட்டா அது பாட்டுக்குத் திரும்பத் திரும்பச் சொல்லிக்கினே இருக்கும். மனுசன் ஒரு தபாதான் சாவறான்."

இப்போது வேறு வழியில்லை என்பதை ஒப்புக்கொண்டார். பெயரை மட்டும் மச்சான் சொல்லிக்கொள்வது, மீதி அவர் குரல் என்று முடிவாயிற்று.

முதல் நாள் கிழமைகளும் தேதிகளும். பக்கத்து வீட்டுத் தறி ஓடும்போது அச்சு அடிக்கும் சத்தம் மைக்கில் விழுந்தது. நெசவாளர் அறுந்த இழையை முடிய நிறுத்தும் இடைவெளிகளில் ஒவ்வொரு சொல்லாகச் சொன்னார். "ஞாயிறு." அடுத்த இடைவெளி. "திங்கள்." திரையில் குரல் பச்சைக் கோடாக விழுந்தது. கொஞ்சம் உயரமான கோடு.

இரண்டாம் நாள் அந்தக் கோடு குள்ளமாக இருந்தது. ஒலியளவைக் கூட்டினேன். மூன்றாம் நாள், வியாழக்கிழமை, இன்னும் கூட்டினேன். "அனைவரும் வாரீர், வாரீர்" என்பதை ஐந்து முறை எடுத்தோம். ஒவ்வொரு முறைக்கும் நடுவில் அவர் வெந்நீர் குடித்தார். தம்ளரை வைக்கும்போது அதன் விளிம்பை விரலால் துடைத்துவிட்டு, விரலைப் பார்த்துக்கொண்டார். இரண்டாவது முறை பார்த்தபோது நானும் பார்த்தேன். சிவப்பாக ஏதோ இருந்தது.

தொண்ணூற்றெட்டு முடிந்தபோது மணி ஆறாக ஐந்து நிமிடம். மிச்சமிருந்தது ஒரே வாக்கியம். அரை நிமிடம்கூட ஆகாது.

அம்மா தீப்பெட்டியோடு அறை வாசலில் வந்து நின்றாள்.

"அண்ணா, வெளக்கு வெக்கப் போறேன். அந்தப் பேச்சு மட்டும் வாணாங்ணா."

"ஐயோ, நீ சொல்லணுமாம்மா," என்றார் அவர். "ஒரு வீட்டுக்குள்ள ஒக்காந்து அத நான் சொல்லுவேனா? வெளக்கு வெச்சாலும் வெக்காட்டியும் சொல்ல மாட்டேன். தெருவுல நிக்கணும், கால்ல செருப்பு இருக்கணும். சொல்லி முடிச்சா நேரா வீட்டுக்குப் போக மாட்டேன். தண்ணி ஊத்திக்கினுதான் போவேன். இருவது வருசமா அப்படித்தான்."

அவர் செருப்பு வாசற்படிக்கு வெளியே கிடந்தது. மைக்கின் ஒயர் இரண்டு மீட்டர். உள்ளறையைத் தாண்டி வராது.

எங்கள் வீட்டில் ஒரு டேப் ரெக்கார்டர் இருந்தது. அலமாரியின் மேல், பேட்டரியோடு. மச்சான்தான் அதைக் கையால் காட்டினார்.

"அத எடுத்துக்கினு தெருவுல நின்னு பேசிடலாமே."

டேப்பில் எடுத்தால் இரைச்சல் வரும், மற்ற துண்டுகளோடு ஒட்டாது என்று நான் சொன்னேன். அது உண்மை. நீளமான ஒயர் வாங்கிவிடுகிறேன், ஞாயிற்றுக்கிழமை காலையில் வாருங்கள், தெருவிலேயே எடுத்துவிடலாம் என்றேன். அவர் தலையசைத்தார்.

அதுவரை எடுத்ததை அன்றே வட்டில் போட்டுவிட வேண்டும் என்று நினைத்தேன். ஹார்ட் டிஸ்க் ஒருமுறை என்னைக் கைவிட்டிருந்தது. டிராக் எண்கள் பட்டியலோடு ஒத்திருக்க வேண்டும் என்பதற்காக, தொண்ணூற்றொன்பதாவது இடத்தில் வெறும் மௌனத்தை வைத்தேன். நான்கு விநாடிக்குக் குறைந்த டிராக்கை சிடி ஏற்றுக்கொள்ளாது. எனவே நான்கு விநாடி. கடைசியில் மென்பொருள் வழக்கமான கேள்வியைக் கேட்டது: வட்டை மூடிவிடலாமா? மூடாவிட்டால் சாதாரண பிளேயரில் பாடாது. மூடினால் பிறகு எதையும் சேர்க்க முடியாது. மூடினேன். ஞாயிற்றுக்கிழமை புதிதாக ஒன்று போட்டுக்கொள்ளலாம்.

வட்டு ஏறி முடியும்வரை மூவரும் ரைட்டரின் சிவப்பு விளக்கைப் பார்த்துக்கொண்டிருந்தோம். தட்டு வெளியே வந்தபோது வட்டு சூடாக இருந்தது. அவர் அதைக் கன்னத்தில் வைத்துப் பார்த்தார்.

மறுநாள் கடைத்தெருவில் ஒயர் இருந்தது. சாதா ஒயர். மைக்குக்குப் போட்டால் கொர்ரென்று இரையும். வாங்கவில்லை. எப்படியும் திங்கட்கிழமை சென்னைக்குப் போக வேண்டியிருந்தது. நல்ல ஒயர் அங்கே கிடைக்கும். ஞாயிறு காலைக்குப் பதில் திங்கள் மாலை வரச் சொல்லி மச்சானிடம் தகவல் சொன்னேன். ஆபரேஷனுக்கு இன்னும் பதினெட்டு நாள் இருந்தது.

சனிக்கிழமை பிற்பகல் மருத்துவமனையிலிருந்து அவர்கள் பக்கத்து வீட்டுக்கு போன் வந்தது. கட்டில் காலியாகிவிட்டது, உடனே வந்து சேருங்கள், செவ்வாய்க்கிழமை ஆபரேஷன். கட்டில் எப்படிக் காலியானது என்று அவர்கள் சொல்லவில்லை. இவர்களும் கேட்கவில்லை.

திங்கட்கிழமை காலை விஷயம் தெரிந்தது. சென்னையில் முதலில் ஒயரை வாங்கினேன். பிறகு மருத்துவமனைக்குப் போனேன். நீளமான வார்டு, இரண்டு பக்கமும் கட்டில்கள். மஃப்ளர் இல்லாமல் அவரை அன்றுதான் பார்த்தேன். கழுத்தில் மருந்து மையால் கோடு போட்டிருந்தார்கள். என் பையிலிருந்து நீட்டிக்கொண்டிருந்த ஒயர்ச் சுருளைப் பார்த்தார்.

"வாங்கிட்டியா," என்றார். உதடு அசைந்ததை வைத்துத்தான் புரிந்தது.

மச்சான் குனிந்தார். "மாமா, கீழ ஒரு கடையில டேப்பு கேட்டா குடுப்பாங்க. எடுத்துக்கினு வரட்டா? இரைச்சல் வந்தா வரட்டும்."

அவர் வார்டைச் சுற்றிப் பார்த்தார். எதிர்க் கட்டிலில் இருந்தவர் எங்களையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"இங்கயா? இத்தன பேரு படுத்துக்கினு இருக்கறாங்க. இங்க போயி அத சொல்லுவாங்களா."

மச்சான் நிமிர்ந்துகொண்டார். நர்ஸ் வந்து எங்களை வெளியே போகச் சொன்னாள்.

ஒன்றரை மாதம் கழித்து அவர் ஆட்டோவின் பின்சீட்டுக்குத் திரும்பினார். கழுத்தில் துளை, அதன் மேல் மஃப்ளர், மடியில் ஒரு சிலேட்டு. முதல் வேலை ஒரு ஜவுளிக் கடைத் தள்ளுபடி. எட்டுத் துண்டுகளை ஒட்டி சிடி போட்டேன். ஆட்டோ போன தெருவில் யாரும் வித்தியாசம் கண்டுபிடிக்கவில்லை. அவர் வாயைத் திறக்காமல் மைக்கைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார்.

இரண்டாவதாக வந்தது சாவு. பிள்ளையார்பாளையத்தில் ஒரு பெரியவர். அறிவிப்பாளரின் குரல்தான் வேண்டும் என்று வீட்டார் ஆள் அனுப்பினார்கள்.

இருந்ததை வைத்துச் செய்து பார்த்தேன். காலையிலிருந்து "கா". "பல வண்ணங்களில்" என்ற சேலை விளம்பரத்திலிருந்து "ல". மாலையிலிருந்து "மா". நாளையிலிருந்து "னா". வாரீரிலிருந்து "ர்". ஓட்டைகளை நிரவி, சத்தத்தைச் சமன்செய்து, இரண்டு மணி நேரத்தில் "காலமானார்" வந்துவிட்டது. ஸ்பீக்கரில் போட்டேன். குரல் அவருடையதுதான், சந்தேகமில்லை. ஆனால் எல்லாத் துண்டுகளும் சேலை விற்கும் தொனியில் சொன்னவை. "கா" உற்சாகமாக எழுந்தது. "ர்" கூட்டத்தை வரவேற்றது. அம்மா அடுக்களையிலிருந்து வந்து, தலைக்கு மேலே இருந்த மின்விசிறியை நிறுத்திவிட்டுப் போனாள். அதை ஏன் நிறுத்தினாள் என்று அவளுக்கே தெரிந்திருக்காது.

அறிவிப்பாளர் அதை இரண்டு முறை போட்டுக் கேட்டார். சிலேட்டில் எழுதினார்: "சாவு வீட்ல சிரிக்கற மாதிரி இருக்குது. அழிச்சிடு."

அழித்தேன். அந்த வேலையை வாலாஜாபாத்திலிருந்து வந்த வேறொரு ஆட்டோ செய்தது. அதற்குப் பிறகு வந்த சாவுகளையும் அதுவே செய்தது. ஆடித் தள்ளுபடிவரை இவருக்கு வேலை இருந்தது. தீபாவளிக்கு மூன்று விளம்பரங்கள் வந்தன. பிறகு பெரும்பாலும் வீட்டில் இருந்தார். வட்டைப் பிளேயரில் போட்டு, ஒன்று முதல் தொண்ணூற்றெட்டுவரை கேட்பதாக மச்சான் சொன்னார். கிழமை, தேதி, மணி, தெரு. தொண்ணூற்றொன்பதுக்கு வந்ததும் கையைக் காட்டி நிறுத்தச் சொல்வாராம்.

"அதுல ஒண்ணுமே இல்லியேப்பா. அத எதுக்கு நிறுத்தச் சொல்றாரு?"



மாசி மாதம் ஒரு வெள்ளிக்கிழமை காலை, ஏழு மணி பத்து நிமிடத்துக்கு மச்சான் வந்தார். கையில் அந்த வட்டு. இரவு மூச்சுத் துளையில் சளி அடைத்துக்கொண்டதாகச் சொன்னார். உள்ளே வரவில்லை. தெருவிலேயே நின்றார்.

"அக்கா சொல்லுது, எடமும் நேரமும் அவர் குரல்லயே வரட்டுமாம். பேரையும் அந்த வார்த்தையையும் நான் சொல்லிடறேன். வண்டியிலயே சொல்லலாம். ஆனா என்னால முடியாதுப்பா, திரும்பத் திரும்ப. ஒரு தபா எடுத்துக்கோ."

உள்ளே போய் இருபத்தொன்றாம் தேதி, வெள்ளி, மாலை, நான்கு மணி, பிள்ளையார்பாளையம் ஆகியவற்றை வட்டிலிருந்து எடுத்து வைத்தேன். பிறகு சென்னையில் வாங்கிய ஒயரைப் பூட்டி மைக்கைக் கொண்டுவந்தேன். பக்கத்து வீட்டுத் தறி அன்று ஓடவில்லை. மச்சான் செருப்பைப் போட்டுக்கொண்டு நடுத்தெருவில் நின்று, மைக்கை இரண்டு கையாலும் பிடித்து, அக்கா புருஷனின் பெயரையும் அந்தச் சொல்லையும் ஒரே தடவையில் சொன்னார். அந்தக் கீச்சுக் குரலில்தான்.

ஒயர் ஏழு மீட்டர். அவர் நின்ற இடம்வரை போனது போக, ஒன்றரை மீட்டர் வாசலில் சுருண்டு கிடந்தது.