கான் எல்லாம் போயிடுத்து

2025 ஜூலை 8, செவ்வாய்க்கிழமை, காலை பதினொன்று நாற்பது. விடியற்காலையில் பிடித்த தூறல் விடவில்லை. கல்கத்தா அலிப்பூரில், பதிவு அலுவலகத்தில் ஒரு பத்திர நகலுக்காக வரிசையில் நின்றுகொண்டிருந்தேன். எனக்கு முன்னால் ஆறு பேர். ஜாதவ்பூர் வீட்டிலிருந்து என் மனைவியின் செய்தி போனில் வந்தது: "கான் எல்லாம் போயிடுத்து. சீக்கிரம் வாங்கோ."

வங்காளியில் கான் என்றால் காது. அவள் கல்கத்தாவிலேயே பிறந்து வளர்ந்தவள். நாலு வார்த்தைக்கு ஒன்று வங்காளியாக வரும். எல்லாம் என்றால் இரண்டு காதும். நான் பயந்தது நடந்துவிட்டது.

பயத்துக்குக் காரணம் ஜப்பான்காரர்கள் ஐந்து பேர். ஒசாகாவில் வேலை பார்க்கும் எங்கள் மகள், போன துர்கா பூஜைக்கு வந்தபோது தனக்குப் பிடித்த அந்த ஐவர் மெட்டல் இசைக்குழுவின் மொத்த ஆல்பங்களையும் ஒரு ஹார்டு டிஸ்கில் போட்டு அம்மாவிடம் கொடுத்துவிட்டுப் போனாள். பதினோரு ஆல்பம், நூற்று முப்பத்தாறு பாட்டு. கிட்டார் ரம்பம்போல அறுக்கும்; பாடுகிறவன் யார்மேல் கோபமோ, அலறுவான். அறுபத்தெட்டு வயதில் என் மனைவி மதியச் சாப்பாடு ஆனதும் ஹெட்போனை மாட்டிக்கொண்டு, தொடையில் தாளம் போட்டபடி உட்கார்ந்துவிடுவாள். ஏழேழாக வருகிறதாம், மிச்ர சாபுவாம்.

எல்லாம் லாஸ்லெஸ். அதாவது பதிவானதில் துளியும் கழிக்காமல் வைத்தது. எம்பி-த்ரீயைப்போல் நான்கு மடங்கு இடம் பிடிக்கிறது. வீண் என்றேன்.

"டிரம்ஸ்ல அந்தத் தட்டு, சிம்பல், அடிச்சு அடங்கறச்சே மணல் கொட்டறாப்பல ஒரு சத்தம் வரது பாருங்கோ. எம்பி-த்ரீல அது இல்லை."

இரண்டையும் மாற்றி மாற்றிக் கேட்டேன். எனக்கு ஒன்றுதான்.

"உங்க காதுக்கு எம்பி-த்ரீயே ஜாஸ்தி."

அன்றிலிருந்து தினமும் சொல்லி வந்தேன், உன் காது போகப்போகிறது என்று.

மூன்று முறை போன் செய்தேன். எடுக்கவில்லை. காது போனவளுக்கு மணி எப்படிக் கேட்கும்? வரிசையை விட்டு டாக்ஸி பிடித்தேன். திடீரென்று போன காதை அன்றைக்கே காட்டினால் மீட்கலாம் என்று எங்கோ படித்திருந்தேன். வழியில் கரியாஹாட்டில் இறங்கி, காது டாக்டரிடம் ஐந்து மணிக்குச் சீட்டு வாங்கினேன். கட்டிய பணம் திரும்பாது என்றாள் மேஜையிலிருந்த பெண். "பொயோஷ் கொத்தோ, தாது?" என்று என்னைத் தாத்தாவாக்கி வயதைக் கேட்டாள். பதற்றத்தில் எழுபத்து நான்கு என்றேன். அது என் வயது.

எதிர் நடைபாதையில் ஒரு சிலேட்டும் குச்சியும் வாங்கினேன். நாற்பத்தாறு வருஷமாக என் புகார்களையெல்லாம் கேட்டுப் பதில் சொன்ன ஒரே ஆள் அவள். இனி எழுதித்தானே காட்ட வேண்டும்?

கதவைத் திறந்தாள். சிலேட்டை உயர்த்தினேன்: 'பயப்படாதே. ஐந்து மணிக்கு டாக்டர்.'

"என்ன ஆச்சு, தொண்டை கட்டிண்டுடுத்தா? வாயால சொன்னா என்ன?"

"உனக்குக் காது கேக்கறதா?"

"கேக்காம? மாடிப்படில நீங்க முனகிண்டு வந்ததுகூடக் கேட்டுது. கான் போயிடுத்துன்னேன்னா, கான்!" கங்கையின் முதல் எழுத்தைப்போல அழுத்திச் சொன்னாள்.

அப்படி அழுத்தினால் வங்காளியில் பாட்டு. அவர்களுக்கு இரண்டுக்கும் தனித்தனி எழுத்து. நமக்குக் காதுக்கும் பாட்டுக்கும் ஒரே க. ஹார்டு டிஸ்க் திறக்கவில்லை, அவ்வளவுதான். அவள் போன் சத்தமில்லாமல் சமையலறையில் சார்ஜில் கிடந்தது.

நாற்காலியில் விழுந்தேன். இரண்டு டம்ளர் தண்ணீர் குடித்தேன்.

"பாட்டுதானே" என்றேன்.

"பாட்டுதானேயா? உங்க பாஸ்புக் தொலைஞ்சா பாஸ்புக்தானேன்னு சொல்வேளா?"

நெடுநேரம் திட்டினாள். ஒரு வார்த்தை விடாமல் கேட்டுக்கொண்டிருந்தேன். அவளும் நான் "கேக்கறதா?" என்று திரும்பத் திரும்பக் கேட்டதற்கெல்லாம் பதில் சொன்னாள்.

பிறகு டாக்டர் சீட்டை வாங்கிப் பார்த்தாள். "எழுபத்து நாலுன்னுதானே போட்டிருக்கு? கட்டின பணம் போவானேன், நீங்களே காட்டிக்கோங்கோ."

போனேன். டாக்டர் என் இரண்டு காதிலிருந்தும் எடுத்ததைக் கிண்ணத்தில் காட்டினார். அதைப் பற்றி எழுதப்போவதில்லை. திரும்பும்போது ஹார்டு டிஸ்குக்குப் புதுக் கேபிள் வாங்கி வந்தேன், பழையதுதான் பழுது. நூற்று முப்பத்தாறும் இருந்தன.

அவள் ஹெட்போனை என் தலையில் மாட்டினாள். கிட்டார் அறுத்தது, அவன் அலறினான். சிம்பல் ஒருமுறை அடித்து, மெல்ல அடங்கும்போது, மணல் கொட்டியது.

"கேட்டுதா?"

"கேட்டுது."

அலிப்பூருக்கு மறுபடி போகும் பஸ் செலவைச் சேர்க்கவில்லை. டாக்ஸி, டாக்டர், காதைச் சுத்தம் செய்தது, சிலேட்டு, கேபிள், எல்லாமாக இரண்டாயிரத்து நானூற்று எண்பது ரூபாய்.