நந்தினி இயக்காத படம்

திருவண்ணாமலை பக்கத்து அடி அண்ணாமலையில் பிறந்த நந்தினி இருபது வருடமாக லண்டனில் எடுக்கப்படும் படங்களில் திரைக்குப் பின்னால் உழைத்தவள். ஒலிப்பதிவு, எடிட்டிங், உதவி இயக்கம் என்று எந்த வேலையையும் தட்டிக்கழித்ததில்லை. ஒருவழியாக ஒரு படத்தை இயக்கும் வாய்ப்பு வந்தபோது அப்பா பக்கவாதத்தில் விழுந்தார். ஊருக்கு வந்து, அவர் கண்மூடும்வரை நான்கு மாதம் கூடவே இருந்தாள். படம் வேறொருவர் கைக்குப் போனது.

காரியம் முடிந்த வாரமே அந்த இயக்குநர் போன் செய்து, எடிட்டிங் செய்து தர முடியுமா என்று கேட்டார். சரி என்றாள்.

"உன் படத்தைப் புடுங்கினவருக்கே வேலை செய்யப் போறியாக்கா?" என்றான் தம்பி மணி.

"அவரு புடுங்கலடா. நான்தான் விட்டுட்டு வந்தேன். அது கெட்டுப்போறதைப் பாத்துக்கினு இருக்க மனசு வரல."

தன் மனதில் ஓடிய காட்சிகளை மறந்து, அவர் எடுத்ததிலேயே நல்லதைத் தேடுவதுதான் அவளுக்குக் கஷ்டமாக இருந்தது. படம் நன்றாகவே வந்தது.