அம்மா அளந்த நிழல்

முதலில் மன்னிப்புக் கேட்டுவிடுகிறேன். எழுதுகிறவர்கள் நிறையப் படித்தவர்களாக இருப்பார்கள். நான் பத்தாம் வகுப்போடு பள்ளிக்கூடத்தை விட்டவள். அன்றிலிருந்து ஒரு வெதுப்பகத்தில் பாண் விற்கிறேன். இங்குள்ள தமிழ்ச் சங்கத்தின் ஆண்டு மலருக்கு ஏதாவது எழுதித் தரச் சொன்னபோது எனக்கு வராது என்றுதான் சொன்னேன். “உங்களுக்கு நடந்ததை எழுதுங்கோ அக்கா, அது காணும்” என்றார்கள். நடந்தவற்றில் வெளியே சொல்லக்கூடியதாக ஒன்றுதான் இருக்கிறது. அதிலும் ஒரு பழைய காலத்துக் கிரேக்கர் வருகிறார். பொறுத்துக்கொள்ளுங்கள்.

எனக்கு அப்போது பதினொரு வயது. ஜேர்மனியில், கெல்சென்கிர்ச்சன் நகரத்தில், அப்பாவும் நானும் மட்டும் இருந்தோம். இரண்டு வருடங்களுக்கு முன் ஒரு மாமாவோடு என்னை முதலில் அனுப்பியிருந்தார்கள். அம்மாவும் தம்பியும் யாழ்ப்பாணத்தில் இருந்தார்கள். அவர்களைக் கூப்பிடுவதற்கு அப்பா விண்ணப்பம் போட்டிருந்தார். “அன்ட்ராக் குடுத்திருக்கு, வந்திடுவினம்” என்று ஜேர்மன் சொல்லிலேயே சொல்வார். எங்கள் வீட்டில் அந்த அன்ட்ராக் மூன்றாவது ஆளைப்போல இருந்தது. அப்பா ஓர் உணவகத்துச் சமையலறையில் வேலை செய்தார். நான் பள்ளிக்கூடத்தால் வரும்போது அவர் போயிருப்பார், அவர் வரும்போது நான் தூங்கியிருப்பேன். வீட்டுத் திறப்பு ஒரு சப்பாத்துக் கயிற்றில் என் கழுத்தில் தொங்கியது. கதவைத் திறந்து உள்ளே போனதும் “வந்திட்டன்” என்று சத்தமாகச் சொல்வேன். பதில் வராது என்று தெரிந்தும் சொல்வேன்.

எங்கள் கணித ஆசிரியருக்கு உயிரோடு இருப்பவர்களைவிட இரண்டாயிரம் வருடங்களுக்கு முன் செத்துப்போன கிரேக்கர்களைத்தான் கூடப் பிடிக்கும். ஒருநாள் தகரப் பேணியொன்றில் தண்ணீரைக் கொதிக்கவைத்து, இரண்டு துளைகளால் ஆவி சீற, அது தானாகவே சுழலும்படி செய்தார். இன்னொரு நாள் சதுரமான மட்டையைப் பதினான்கு துண்டுகளாக வெட்டித் தந்து திரும்பவும் சதுரமாக்கச் சொன்னார். வகுப்பில் ஒருவராலும் முடியவில்லை. பிறகு அவராலும் முடியவில்லை.

எரட்டோஸ்தனீஸ் என்பவரைப் பற்றிச் சொன்னது அந்த மாரிகாலத்தில்தான். எகிப்தின் தெற்கே ஓர் ஊரில் வருடத்தில் ஒருநாள் நடுப்பகலில் சூரியன் நேரே உச்சிக்கு வரும், கிணற்றின் அடியில்கூட வெளிச்சம் விழும், நட்ட தடிக்கு நிழல் இராது. அதே நேரம் வடக்கே இருக்கும் நகரத்தில் தடிக்கு நிழல் இருக்கும். அந்த வித்தியாசத்தையும் இரண்டு ஊர்களுக்கும் இடையிலான தூரத்தையும் வைத்து, அந்த மனிதர் இருந்த இடத்திலிருந்தே பூமியின் சுற்றளவைக் கணக்கிட்டுவிட்டாராம்.

நான் கையை உயர்த்தினேன். அந்த வகுப்பில் அதுதான் முதல் தடவை. எங்கள் வீட்டுக் கிணற்றிலும் அப்படி விழுமா என்று கேட்டேன். ஆசிரியர் பூகோள உருண்டையை எடுத்து யாழ்ப்பாணத்தைத் தேடிப் பிடித்தார். பிறகு கரும்பலகையில் ஏதோ கணக்குப் போட்டார். “ஏப்ரல் பதினான்காம் திகதி, அல்லது அதற்கு அடுத்த நாள்” என்றார். இரவில் அப்பா வரும்வரை விழித்திருந்து அவரிடம் சொன்னேன். “அது வருசப்பிறப்பெல்லோ!” என்று அவர் ஆச்சரியப்பட்டார்.

ஆசிரியருக்கு ஒரு யோசனை வந்தது. வகுப்பில் பாதிப் பேருக்கு உறவினர்கள் வேறு நாடுகளில் இருந்தார்கள். அவர்களெல்லோரும் அந்த ஒரே நாளில், அவரவர் ஊர் நடுப்பகலில், ஒரு மீற்றர் தடியை நட்டு நிழலை அளந்து சொல்ல வேண்டும். சுவரில் ஒரு பட்டியல் தொங்கியது. என்னுடைய ஊருக்கு நேரே அவரே சிவப்புப் பேனையால் கோடிட்டார். நிழல் இல்லாத ஊர் அது ஒன்றுதானே.

எனக்குப் பின்னால் இருந்த துருக்கிச் சிறுமி என் முதுகைத் தட்டினாள். “பேய்க்குத்தான் நிழல் விழாது. அப்ப உன்ர அம்மா பேயா?” என்றாள். எல்லோரும் சிரித்தார்கள். அவள் விடவில்லை. “பெற்றோர் கூட்டத்துக்கு ஒருநாளும் வரேல்லை. கடையிலயும் கண்டதில்லை. உனக்கு அம்மா இருக்கிறா எண்டதே பொய்.” அதற்கு ஒருவரும் சிரிக்கவில்லை. அவர்களும் அப்படித்தான் நினைத்திருந்தார்கள் என்று அப்போதுதான் தெரிந்தது.

அன்றைக்கே அம்மாவுக்குக் கடிதம் எழுதினேன். தடியின் உயரம், திகதி, அளக்கும் விதம், எல்லாவற்றையும் எழுதினேன். ‘நடுப்பகலில் அளக்கவும். நிழல் இருக்காது. ஆசிரியர் கணக்குப் பார்த்துச் சொல்லியிருக்கிறார்’ என்று எழுதி, அடியில் இரண்டு கோடு போட்டேன். கொழும்புக்குப் போன யாரோ ஒருவரின் கையில் அப்பா அதைக் கொடுத்துவிட்டார்.

வருடப்பிறப்பு ஞாயிற்றுக்கிழமை வந்தது. அப்பா வேலைக்குப் போய்விட்டார். குடியிருப்பின் பின்முற்றத்தில், குப்பைத் தொட்டிகளுக்குப் பக்கத்தில், தடியை நட்டேன். அளவுநாடாவின் மறுமுனையைப் பிடிக்க ஆளில்லாததால் சப்பாத்தால் மிதித்துக்கொண்டேன். தொண்ணூறு சென்ரிமீற்றர். இந்த நேரம் அம்மாவும் தடியைப் பார்த்துக்கொண்டு நிற்பா என்று நினைத்தேன். நடுப்பகல் அங்கே எப்போதோ வந்து போய்விட்டது என்பது நினைவுக்கு வரவில்லை.

மற்றவர்களின் அளவுகள் அந்தக் கிழமையே வந்தன. அங்காராவில் ஐம்பத்தொன்பது, சிசிலியில் ஐம்பத்துநான்கு. தொலைபேசியில் கேட்டால் சொல்லிவிடுகிறார்கள். என் ஊருக்கு நேரே ஆசிரியர் பென்சிலால் கேள்விக்குறி போட்டார். சண்டையால் யாழ்ப்பாணத்துக்குத் தொலைபேசி இல்லை என்றேன். துருக்கிச் சிறுமி என்னைப் பார்த்தாள். மே மாதம் முழுவதும் அந்தக் கேள்விக்குறி சுவரில் இருந்தது.

ஜூனில் ஒரு ஞாயிறு காலை தொலைபேசி அடித்தது. தூதரகத்து அலுவலாக அம்மா கொழும்புக்கு வந்து, ஒரு தொலைபேசிக் கடையில் வரிசையில் நின்று எடுத்திருந்தா. அப்பா பேசிவிட்டு என்னிடம் தந்தார். அம்மாவின் குரலைக் கேட்டு எட்டு மாதமாகியிருந்தது.

“குஞ்சு, சாப்பிடுறியோ?”

“அம்மா, நிழல் அளந்தனீங்களோ?”

“ஓம், அளந்தனான். ஒரு மீற்றரும் முப்பத்தெட்டும்.”

“அது பிழை. நிழலே இருக்காது எண்டு எழுதினனான் எல்லோ? எத்தினை மணிக்கு அளந்தனீங்கள்?”

“பின்னேரமாப் போச்சு, குஞ்சு.”

“நடுப்பகலில எண்டு கோடு போட்டு எழுதினனான்!”

“ஓம், பாத்தனான். ஏலாமப் போச்சு.” அம்மாவுக்குப் பின்னால் ஆட்கள் பேசுவது கேட்டது.

“உங்களுக்கு ஒண்டும் ஒழுங்காச் செய்யத் தெரியாது” என்றேன். ரிசீவரை அப்பாவின் கையில் திணித்துவிட்டுக் கட்டிலில் போய் முகத்தை மூடிக்கொண்டேன். “இல்லை, பிள்ளை குளிக்கப் போட்டுது” என்று அப்பா சொல்வது கேட்டது. கொஞ்ச நேரத்தில் அவர் அறை வாசலில் வந்து நின்றார்.

“கணக்கில பிழை பிடிக்கிறதுக்கோ அந்த மனிசி ரெண்டு நாள் வழி நெடுக அலைஞ்சு வந்தது?”

பிறகு சேர்ட்டை மாற்றிக்கொண்டு வேலைக்குப் போனார்.

அடுத்த வருடக் கடைசியில் அம்மாவும் தம்பியும் வந்து சேர்ந்தார்கள். நிழலைப் பற்றி நான் கேட்கவில்லை, அம்மாவும் சொல்லவில்லை. போன வருடம் தம்பிதான், என் வீட்டுச் சமையலறையில் கோப்பி குடித்தபடி, ஏதோ பகிடி சொல்வதுபோலச் சொன்னான். அன்று அம்மா விடியவே முற்றத்தில் தடியை நட்டிருந்தாவாம். பத்து மணிக்குக் குண்டு போடுகிற பிளேன் வந்து சுற்றத் தொடங்கியது. முகிலே இல்லாத நாள். எல்லோரும் பங்கருக்குள். சத்தம் குறையும் ஒவ்வொரு முறையும் அம்மா அளவுநாடாவோடு எழும்ப, பெரியம்மா சேலையில் பிடித்து இழுத்து இருத்தினாவாம். “உனக்கு விசரோடி?” “பிள்ளை கேட்டது, அக்கா.” பின்னேரம்தான் வெளியே வர முடிந்தது. தம்பி மறுமுனையைப் பிடித்தானாம். சரியாக இருக்கிறதா என்று அம்மா மூன்று தரம் அளந்தாவாம்.

பதினொரு வயதில் எனக்குப் பிளேனைப் பற்றித் தெரியாமல் இல்லை. விளங்காதது வேறு. விடையை நானே கடிதத்தில் எழுதி, கோடும் போட்டு அனுப்பியிருந்தேன். நிழலே விழவில்லை என்று அம்மா ஒரு சொல் சொல்லியிருந்தால் போதும். நான் சந்தோஷப்பட்டிருப்பேன், மிச்ச நேரம் அவவோடு கதைத்திருப்பேன். வரிசையில் நின்று எடுத்த அந்தத் தொலைபேசியில், நான் கேட்க விரும்பியதைச் சொல்லாமல், தான் கண்டதை ஏன் சொன்னா என்று எனக்கு அன்றைக்கு விளங்கவில்லை.

அந்தத் தொலைபேசி வந்த மறுநாள் திங்கட்கிழமை. ஆசிரியர் கேட்டார். பூச்சியம் என்றேன். அவர் கேள்விக்குறியை அழித்துவிட்டு அதை எழுதினார். அடுத்த பாடம் நீச்சல். துருக்கிச் சிறுமி பேருந்தில் எனக்குப் பக்கத்தில் இடம் பிடித்து வைத்திருந்தாள்.