நான்கு இறுதிப் போட்டிகளும் ஒரு கோடும்

நிப்றாஸுக்குக் 'கிழவன்' என்ற பட்டம் பத்தொன்பது வயதில் கிடைத்தது. மீசை அப்போது ஒழுங்காக அரும்பியும் இருக்கவில்லை. இப்போது அவனுக்கு முப்பத்துநான்கு. அடையாள அட்டையின்படி முப்பத்தைந்து. கிண்ணியாவில் அவனுடைய உம்மாவும் மனைவியும் மட்டும்தான் அவனைப் பெயர் சொல்லிக் கூப்பிடுவார்கள். மற்ற எல்லாருக்கும் கிழவன். மீன் வாங்கப் போனால், "கிழவனுக்கு முள்ளில்லாத மீனாப் பார்த்துப் போடு" என்பார்கள். பள்ளிவாசலில் யாராவது கதிரையை இழுத்துப் போட்டு, "கிழவன், நின்டு தொழ ஏலாட்டி இரி" என்பார்கள். அவனும் சிரித்துவிட்டு நின்றே தொழுவான்.

அவனுக்குத் திருகோணமலைத் துறைமுகத்தில் வேலை, கப்பலைக் கரையில் கட்டுகிற கயிறு பிடிக்கும் கூட்டத்தில். கோதுமைக் கப்பலோ சீமெந்துக் கப்பலோ இறங்குதுறையை நெருங்கும்போது மேலேயிருந்து முதலில் ஒரு மெல்லிய கயிறு வரும். எறிய வசதியாக அதன் நுனியில் பந்துபோல ஒரு கனத்த முடிச்சு இருக்கும். அது சீமெந்துத் தரையில் விழட்டும் என்று மற்றவர்கள் ஒதுங்கி நிற்பார்கள். நிப்றாஸ் ஒதுங்கமாட்டான். இரண்டு அடி பக்கவாட்டில் வைத்து, நெஞ்சுக்கு நேராக இரு கையாலும் பிடிப்பான். விரல் முறியும் என்று மேற்பார்வையாளர் ஏசாத நாளில்லை. பன்னிரண்டு வருடத்தில் ஒரு விரலும் முறியவில்லை.

அவன் பஹ்றிய்யா கல்லூரியின் கோல் காப்பாளனாக இருந்தவன்.

பஹ்றிய்யா நான்கு தடவை அகில இலங்கைப் பாடசாலை உதைபந்தாட்ட இறுதிப் போட்டிக்குப் போயிருக்கிறது. அந்தச் சரித்திரத்தைத் தெரிந்துகொள்ளப் புத்தகம் ஒன்றும் தேவையில்லை. பாலத்தடியில் அஸாமின் தேத்தண்ணிக் கடையில் பத்து நிமிடம் இருந்தால் போதும். புதிதாக யார் வந்து குந்தினாலும் அஸாம் விரலை மடக்கத் தொடங்கிவிடுவான்.

"நாலு தரம் ஃபைனலுக்குப் போனம். எண்பத்திரெண்டுல மூன்டு கோல் வாங்கினம். தொண்ணூத்தெட்டுல ரெண்டுக்கு ஒன்டு. ரெண்டாயிரத்திப் பதினேழுல பெனல்டியில போச்சி."

"நாலு தரம் போனதெண்டு சொன்னீங்க?"

"ஒன்பதாம் ஆண்டும் போனம். வென்டம். ஒன்டுக்குப் பூச்சியம், அந்தக் கோல் நான் அடிச்சது. பொறகு கப்பத் திருப்பிக் கேட்டானுகள். ஏனென்டா பத்தொன்பது வயசுக்குக் கீழ உள்ள போட்டியில நம்மட கோலுக்க ஒரு கிழவன் நின்டவன்." பிறகு மூலையைப் பார்த்து, "அந்தா இரிக்கான். அடேய் கிழவன், பல்லெல்லாம் சொகமா?"

மூலையிலிருந்து நிப்றாஸ் கோப்பையை உயர்த்திக் காட்டுவான். அதில் சீனி குறைவாக இருக்கும். கிழவனுக்குச் சீனி கூடாது என்று, அவன் கேட்காமலே அஸாம் அப்படித்தான் போடுவான். 2009 அணியின் தலைவன் அஸாம்தான்.

கடையில் சொல்லப்படாத பகுதி 2005இல் தொடங்குகிறது.

அந்த வருடம் நிப்றாஸுக்குப் பதினைந்து வயது. உயரம் ஐந்தடி பதினொரு அங்குலம். அப்போது பாலம் இல்லை. கிண்ணியாச் சனம் 'பாதை' என்று சொல்லும் மிதவையில்தான் வாகனத்தையும் மனிதரையும் ஏற்றிக் கடக்க வேண்டும். கடந்ததும் இராணுவச் சோதனைச்சாவடி. பட்டணத்துக்கு டியூஷனுக்குப் போகும் பிள்ளைகளில் அவனை மட்டும் இறக்குவார்கள். அடையாள அட்டை எங்கே என்பார்கள். அட்டை பதினாறு வயதில்தான் கொடுப்பார்கள். தனக்குப் பதினைந்து என்று அவன் சொன்னதை ஒருவரும் நம்பவில்லை. முதல் தடவை ஒரு மணித்தியாலம் நிற்கவைத்தார்கள். இரண்டாம் தடவை பின்னேரம் வரைக்கும் வெயிலில் முழங்காலில் இருத்தினார்கள்.

வாப்பா சவூதியில் லொறி ஓட்டிக்கொண்டிருந்த காலம் அது. உம்மா நஜ்முன் நிஸா யாரிடமும் யோசனை கேட்கவில்லை. நிப்றாஸின் பிறப்பு அதுவரை பதியப்பட்டிருக்கவில்லை. தொண்ணூறாம் ஆண்டு ஜூலையில், சனம் ஊரைவிட்டு ஓடியிருந்த நேரத்தில், ஒரு மண்டபத்து மூலையில் பிறந்தவன் அவன். பிறகு மருத்துவிச்சி பிறந்த திகதியை எழுதி ஒரு கிளினிக் காட் போட்டுக் கொடுத்தார். அதைக் காட்டித்தான் பஹ்றிய்யாவில் முதலாம் வகுப்புக்குச் சேர்த்தார்கள். சேர்வு இடாப்பில் 1990 ஜூலை 11 என்று எழுதினார்கள். உம்மா 2005இல் பதிவுக் கந்தோருக்குப் போய், பிள்ளையின் கடதாசி எல்லாவற்றையும் கடல் கொண்டு போய்விட்டது என்றார். சுனாமி வந்து எட்டு மாதம். கிண்ணியாவில் பாதிப்பேரின் கடதாசியைக் கடல் கொண்டுதான் போயிருந்தது. அதனால் யாரும் இரண்டாவது கேள்வி கேட்கவில்லை. 1989 ஜூலை 11 என்று சத்தியக் கடதாசி எழுதிக் கையெழுத்து வைத்தார். அந்தத் திகதிக்குப் பதினாறு நிரம்பியிருந்ததால் அட்டை வந்தது. அதற்குப் பிறகு நிப்றாஸை யாரும் வெயிலில் இருத்தவில்லை.

2009இல் அணியைப் பதியும்போது பொறுப்பாசிரியரான எஸ்.பற்றிக் என்ற பற்றிக் சேர் பிறப்புப் பத்திரம் கேட்டார். இல்லை என்றான் நிப்றாஸ். சேர் காரியாலயத்துக்குப் போய்ச் சேர்வு இடாப்பைப் பார்த்து, அதிலுள்ள திகதியை எழுதி அனுப்பினார். அதுதான் உண்மையான திகதி. நிப்றாஸுக்கு அதில் ஒரு நிம்மதி இருந்தது. ஒரு இடத்திலாவது தன் வயது சரியாக இருக்கிறது என்று நினைத்தான்.

செப்டெம்பரில் கொழும்பில் இறுதிப் போட்டி. தங்கிய விடுதியில் பொலிஸுக்குக் கொடுக்க எல்லாருடைய அடையாள அட்டை இலக்கத்தையும் ஒரு தாளில் எழுதினார்கள். பிறந்த வருடம் அட்டை இலக்கத்தின் முதல் இரண்டு எண்ணிலேயே இருக்கும். பதினேழு பேருக்குத் தொண்ணூறும் தொண்ணூற்றொன்றும். ஒருவனுக்கு எண்பத்தொன்பது. அந்தத் தாளின் பிரதி தோற்ற அணியின் கைக்குப் போய்ச்சேர இரண்டு வாரம் எடுத்தது. அதற்குள் கிண்ணம் பாதையில் ஏறி ஊருக்கு வந்திருந்தது. சனம் வெடி கொளுத்தியது. ஒக்டோபரில் பாலம் திறந்தார்கள். நவம்பரில் விசாரணை.

ஒரு நீள மேசை, மூன்று பேர், மொழிபெயர்க்க ஒருவர். இடாப்பின் பிரதியையும் அட்டையையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்தார்கள்.

"இதுல எது சரி?"

சுவரோரக் கதிரையில் பற்றிக் சேர் இருந்தார். முழங்காலில் ஒரு கோப்பு. நிப்றாஸ் அவரைப் பார்க்கவில்லை. பொய் அட்டையோடு கொழும்பில் அகப்படுகிற ஒருவனைப் போர் முடிந்த அந்த வருடம் எங்கே கொண்டுபோவார்கள் என்று அவனுக்குத் தெரியும். சத்தியக் கடதாசியிலுள்ள கையெழுத்து யாருடையது என்றும் தெரியும்.

"அட்டையில உள்ளது சரி," என்றான்.

பாதையில் வந்த கிண்ணம் பாலத்தால் திரும்பிப் போனது. பொய்த் திகதி கொடுத்தாரென்று பற்றிக் சேருக்கு இடமாற்றம் வந்தது. பிரியாவிடை ஒன்றும் வைக்கவில்லை. வீட்டில் உம்மா, "அந்தப் பற்றிக் மாஸ்டர் என்ட புள்ளய ஊருக்கு முன்னால வெக்கப்படுத்திட்டான்," என்று ஏசினார். நிப்றாஸ் அவரைத் திருத்தவில்லை. அன்றும் இல்லை, அடுத்த பதினைந்து வருடமும் இல்லை.

இந்த வருடம் மைதானத்துக்குப் புதுப் பார்வையாளர் அரங்கு கட்டினார்கள். அதன் சுவரில் நான்கு இறுதிப் போட்டிகளையும் எழுதுவதென்று பழைய மாணவர் சங்கம் முடிவெடுத்தது. விபரம் சேர்க்கும் வேலை தகவல் தொழினுட்ப ஆசிரியை நஸ்ரினுக்கு வந்தது. மூத்த ஆண்களை அண்ணன் முறையில் 'நானா' என்றுதான் அவர் கூப்பிடுவார். ஒரு செவ்வாய்க்கிழமை பழைய படம் இருக்குமா என்று கேட்டு நிப்றாஸைக் கூப்பிட்டிருந்தார். மேசையில் அச்செடுத்த தாள் கிடந்தது. ஆண்டு, முடிவு, அணித்தலைவர், பொறுப்பாசிரியர். நான்கு வரி. 2009க்கு நேரே 'வெற்றி, பின்னர் நீக்கப்பட்டது' என்று இருந்தது. அணித்தலைவர், எம்.அஸாம். பொறுப்பாசிரியர் என்ற நிரலில் ஒரு சிறு கோடு.

"இது ஏன் கோடு?"

"அஸாம் நானாதான் அப்பிடிப் போடச் சொன்னது. அவர்தானே சங்கத்துச் செயலாளர். அந்த சேரால கப் போனதாம், பேர் போட ஏலாதாம்." நஸ்ரின் எழுந்து அலுமாரியிலிருந்து பழைய இடாப்பு ஒன்றை எடுத்துவந்தார். "நானா, குறை நினைக்க வேணாம். முழுப்பேர் பார்க்க இத எடுத்தனான். ஒங்கட திகதி இதுல வேற மாதிரி இரிக்கி. மை, கையெழுத்து எல்லாம் மேலயும் கீழயும் உள்ள புள்ளயள்ட மாதிரித்தான். வெட்டித் திருத்தினது மாதிரித் தெரியல்ல." திகதியில் விரலை வைத்துக் கேட்டார். "இதுல எது சரி?"

நிப்றாஸ் கோட்டையே பார்த்துக்கொண்டிருந்தான். அரை அங்குலம் இருக்கும்.

"பெயின்ட் அடிக்கிறவர் எப்ப வாறார்?"

"வியாழக்கிழம."

அன்று பின்னேரம் உம்மா குசினியில் மீன் துப்புரவாக்கிக்கொண்டிருந்தார். அவன் வாசல் நிலையில் சாய்ந்துகொண்டு எல்லாவற்றையும் சொன்னான். சொல்லி முடிக்கக் கொஞ்ச நேரமே எடுத்தது. உம்மா கத்தியைக் கழுவி வைத்தார்.

"அப்ப அந்த மாஸ்டர் பிழ செய்யல்லயா?"

"இல்ல உம்மா."

"பதினஞ்சு வருஷம் அந்த மனிசன ஏசியிரிக்கன். எனக்கிட்ட ஏன்டா சொல்லல்ல?"

"சொன்னா நீங்க கந்தோருக்குப் போய்ப் பொய் சொன்னது நான்தான் என்டு சொல்லியிருப்பீங்க."

"ஓம், சொல்லித்தான் இரிப்பன்." கையைத் துடைத்தார். "இன்டைக்கி அப்பிடி ஒரு நெல வந்தாலும் அந்தப் பொய்யச் சொல்லுவன். ஒன்ன அவனுகள் வெயில்ல வெச்சிருந்தத நான் இக்கரையில இரிந்து பார்த்தனான், தெரியுமா ஒனக்கு? அது வேற கத. அந்த மனிசன்ட பேரப் போடச் சொல்லு."

அறைக்குள் போய், சேலைகளுக்கு அடியிலிருந்து ஒரு பொலித்தீன் பையை எடுத்துக்கொண்டு வந்தார். கடல் கொண்டுபோன கிளினிக் காட் அதற்குள் இருந்தது. மடிப்பில் மட்டும் கிழிந்திருந்தது.

புதன்கிழமை பின்னேரம் அசர் தொழுகைக்குப் பிறகு அதிபரின் அறையில் கூட்டம். அதிபர், நஸ்ரின், அஸாம், சங்கத்து ஆட்கள் இரண்டு பேர். கதவைத் தள்ளியதும் அஸாம், "வா கிழவன், ஒனக்கென்ன இஞ்ச வேல? கதிர போதாதே" என்றான். நிப்றாஸ் நின்றபடியே கிளினிக் காட்டை மேசையில் வைத்தான். உம்மா வயதைக் கூட்டியது, சேர் சரியான திகதியை எழுதியது, விசாரணையில் தான் சொன்னது. நாலைந்து வசனத்தில் எல்லாம் முடிந்துவிட்டது.

அஸாம் கிளினிக் காட்டைக் கையிலெடுத்தான். வாசித்தான். பிறகும் வாசித்தான்.

"அப்ப கொழும்பில நீ பத்தொன்பதுக்கு மேல இல்ல?"

"இல்ல மச்சான். ரெண்டு மாசம் முந்தித்தான் பத்தொன்பது முடிஞ்சது. வருஷத் தொடக்கத்து வயசத்தானே பார்க்கிறது, தொண்ணூறில பொறந்த எல்லாருக்கும் வெளையாட ஏலும்."

"அப்ப அந்தக் கப் நம்மடதான்."

"ஓம்."

"அதத் தூக்கிக் குடுத்தது நீ."

"ஓம் மச்சான்."

"நான் அடிச்ச ஒரே ஒரு கோல்டா." அஸாமின் குரல் உயரவில்லை. "பெரிய மெட்ச்சில ஒரே ஒரு கோல். கடைக்கி வாறவன் போறவன் எல்லாருக்கும் சொல்லிச் சிரிச்சிக்கிட்டு இரிந்தன். நீயும் மூலையில இரிந்து சிரிச்சாய்."

அஸாம் கிளினிக் காட்டை மேசையில் வைத்துவிட்டு வெளியே போனான். மோட்டார்சைக்கிள் உதைபட்டுக் கிளம்பும் சத்தம் கேட்டது.

அதிபர் கண்ணாடியைக் கழற்றினார். "கப்ப இனிக் கேட்க ஏலாது. ஒங்கட அடையாள அட்டையப் பத்தி நாங்க ஒரு எழுத்தும் எழுத மாட்டம், அது ஒங்களுக்கும் கரச்சல், எங்களுக்கும் கரச்சல். சேர்ட பேரப் போடுவம்."

வியாழக்கிழமை மத்தியானம் கோடு இருக்க வேண்டிய இடத்தில் நீல எழுத்தில் அந்தப் பெயர் விழுந்தது. 'எஸ்.பற்றிக்' என்று மட்டும். நிப்றாஸ் வேலை முடிந்து வரும் வழியில் மைதானத்தில் இறங்கிப் பார்த்தான். ஈரம் காயவில்லை. நஸ்ரின் கையில் போனோடு நின்றார். பாலையூற்றில் இருக்கும் சேருக்கு அப்போதுதான் பேசியிருக்கிறார். நிப்றாஸ் சொன்னதையும் சொல்லியிருக்கிறார்.

"என்ன சொன்னார்?"

"'கோல் அடிச்சது அஸாம் எண்டு போட்டனீங்களோ பிள்ளை?' என்டு கேட்டார். அதுக்கு நிரல் இல்ல சேர் என்டன். 'அது போடாமல் என்ன சுவர்' என்டு சொல்லி வெச்சிட்டார்."

திறப்பு விழாவுக்கு சேர் வரவில்லை. கண்ணில் சத்திரசிகிச்சை செய்து நான்கு நாள்தான் ஆகியிருந்தது. அஸாம் வந்தான். செயலாளர் உரையை வாசித்துவிட்டு இறங்கினான்.

ஞாயிற்றுக்கிழமை துறைமுகத்துக்குப் போகும் வழியில் நிப்றாஸ் பாலத்தடியில் சைக்கிளை நிறுத்தினான். கடையில் நாலு பேர். புதிதாக வந்த ஒருவர் சுவரிலிருந்த அணிப் படத்தைப் பார்த்து ஏதோ கேட்டார். அஸாம் விரலை மடக்கவில்லை. "அது பழைய கத" என்றான்.

நிப்றாஸ் மூலைக்குப் போகவில்லை. கல்லாவுக்குக் கிட்டப் போய், சேர் போனில் கேட்டதை அப்படியே சொன்னான். அஸாம் கோப்பையைத் துணியால் துடைத்துக்கொண்டே கேட்டான். காய்ந்த பிறகும் துடைத்தான்.

"சரி. சொன்னதுக்கு நல்லம்." நிமிர்ந்து பார்த்தான். "இரிங்க நிப்றாஸ். தேத்தண்ணி தரவா?"

கடையில் இருந்த நாலு பேரும் திரும்பிப் பார்த்தார்கள். யார் இந்த நிப்றாஸ் என்பது போல.

"தாங்க."

அஸாம் கரண்டியைச் சீனிப் போத்தலுக்குள் விட்டான். அங்கேயே வைத்துக்கொண்டு கேட்டான்.

"சீனி எவ்வளவு போடுறது?"