மறைதையல் போட்ட மிளகாய்

வாயில் ஒரு ஊசி, கையில் ஒரு ஊசி. மடியில் ஒரு தட்டு. தட்டில் உள்ளங்கை நீளத்துக்குக் காரமில்லாத பெரிய மிளகாய் ஒன்று வயிறு கீறிப் படுத்திருக்கிறது. விதையை வழித்தாயிற்று, துருவிய சீஸைத் திணித்தாயிற்று. இப்போது குஷன்காரர் அந்த வயிற்றைத் தைத்து மூடுகிறார். சோபாவுக்கு உறை போடும்போது மூலையில் விடுவாரே, அரை வட்டமாக வளைந்த ஊசி, அதே ஊசிதான். வீட்டம்மா அதை வெந்நீரில் கொதிக்கவைத்துக் கொடுத்த பிறகுதான் மிளகாய்ப் பக்கமே அது போனது.

"ஏங்க, அது மிளகாங்க. மெத்தை இல்ல."

"ம்ம்."

வாயில் ஊசி இருந்தால் எந்தக் கேள்விக்கும் அவரிடம் அந்த ஒரு பதில்தான். பதில் சொல்லாமல் தப்பிக்கத்தான் மனுஷன் ஊசியைக் கவ்விக்கொள்கிறாரோ என்று வீட்டம்மாவுக்குப் பல வருஷமாகச் சந்தேகம்.

"தைச்ச இடமே தெரியலையே. நூல் எங்க?"

ஊசியை எடுத்துவிட்டுச் சொன்னார்: "தெரியக்கூடாது. அதுக்குப் பேர்தான் மறைதையல்." மறுபடி கவ்விக்கொண்டார்.

பேருந்து நிலையத்துக்குப் பின்னால் அவருடைய கடை. வாசல் வரைக்கும் ரெக்சின் சுருள்கள், உள்ளே பஞ்சுத் தூசி, நடுவில் கால் கழற்றிய சோபா ஒன்று மல்லாந்து கிடக்கும். எங்கே போனாலும் உட்காரும் முன் இருக்கையைக் கட்டைவிரலால் ஒரு அழுத்து அழுத்திப் பார்ப்பார். கல்யாண வீடானாலும் அப்படித்தான், துக்க வீடானாலும் அப்படித்தான். ஒரு துக்க வீட்டில் நாற்காலியைத் தலைகீழாகத் திருப்பி அடிப்பக்கம் பார்த்தார். வீட்டம்மாவுக்கு அன்றைக்கு மானமே போயிற்று. பிரார்த்தனைக்குப் போன இடத்திலும் எல்லோரும் கண்ணை மூடியிருக்க, இவர் விரல் மட்டும் விரிப்பின் ஓரத்தைத் தடவிக்கொண்டிருக்கும்.

"ஆண்டவன் பார்த்துட்டே இருக்காருங்க."

"பார்க்கட்டும். அவருக்கும் ஓரம் பிரிஞ்சு கிடந்தா பிடிக்காது."

தொழிலில் இரண்டு வைராக்கியம் உண்டு. தையல் கண்ணுக்குத் தெரியக்கூடாது. போட்ட தையலைத் தன் கையால் பிரிக்கக்கூடாது. உறை ஒரு பக்கம் கோணலாக இருக்கிறது என்று ஒருத்தர் சண்டைக்கு வந்தார். குஷன்காரர் அவர் வீட்டுக்கே போய் நின்று பார்த்துவிட்டு, "சோபா நேராத்தான் இருக்கு. உங்க சுவர்தான் கோணல்" என்று சொல்லிவிட்டு வந்தார். பிரிக்கவில்லை.

மன்னிப்பு என்ற சொல்லும் அவர் வாயில் வந்ததில்லை. ஒரு தடவை கை பட்டு வீட்டம்மாவின் அம்மா கொடுத்த பீங்கான் ஜாடி இரண்டாகப் போயிற்று. அப்போது ஒன்றும் பேசவில்லை. மறுநாள் பார்த்தால் ஜாடி அதே இடத்தில் ஒட்டி நிற்கிறது, கீறல்கூடத் தெரியவில்லை. "ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமேங்க" என்றதற்கு, "வார்த்தை சொன்னா ஒட்டிக்குமா?" என்றார். இப்படிப்பட்டவரோடு குடும்பம் நடத்த ஆண்டவன் ஒரு தனிப் பொறுமையைக் கொடுத்துத்தான் அனுப்பியிருக்க வேண்டும். அதுவும் இந்த வாரத்தில் தீர்ந்துகொண்டே வந்தது.

மிளகாய்ப் பைத்தியம் பிடித்தது ஒரு வாடிக்கையாளர் வீட்டில். சோபாவுக்கு அளவெடுக்கப் போனவருக்கு அவர்கள் ஒன்றைச் சுட்டுக் கொடுத்தார்கள். அன்றிலிருந்து ஞாயிற்றுக்கிழமை என்றால் பால்கனியில் புகைதான். பழைய நாற்காலிச் சட்டத்தைப் படுக்கவைத்து, மேலே கம்பி வலை, கீழே தகரத் தட்டில் கரி. மேல்வீட்டு அம்மா காயப்போட்ட துணியை எல்லாம் சுருட்டிக்கொண்டு உள்ளே போகும் சத்தம் கேட்கும். வீட்டம்மா மாடிப்படியில் அந்த அம்மாவைப் பார்த்தால் தலையைக் குனிந்துகொள்வார்.

அதோடு போயிருந்தால் பரவாயில்லை. போன வருஷம் வீட்டம்மாவின் தங்கையும் தங்கை வீட்டுக்காரரும் சாப்பிட வந்தார்கள். குஷன்காரருக்குச் சகலை. மூக்குக்கண்ணாடிக் கடை வைத்திருப்பவர், வெள்ளைச் சட்டைக்காரர், அதிகம் பேசாதவர். அவர் மிளகாயைக் கடித்ததுதான் தாமதம், உள்ளே கொதித்துக்கொண்டிருந்த சீஸ் பீய்ச்சிக்கொண்டு உதட்டிலும் மோவாயிலும் வெள்ளைச் சட்டையிலும் அடித்தது. உதடு கொப்புளித்துவிட்டது. வேறு யாராக இருந்தாலும் தண்ணீர் எடுக்க ஓடியிருப்பார்கள். குஷன்காரர் சிரித்துவிட்டார். சிரித்ததும் போதாமல், "ஊதித் திங்கத் தெரியாதா சகலை? சின்னப் பிள்ளையா நீங்க? அது எங்கயும் ஓடிடாது!" என்றார்.

சகலை கையைக்கூடக் கழுவாமல் எழுந்து போனார். அதற்கப்புறம் அந்த வீட்டிலிருந்து யாரும் இந்தப் படி ஏறவில்லை. ஒரே பஸ்ஸில் போய்விடுகிற தூரம். போனில் பேசினால் தங்கை இரண்டு வார்த்தையில் முடித்துவிடுவாள். கூடப் பிறந்தவள் அவள் ஒருத்திதான். வீட்டம்மா கண்ணை மூடிக் கும்பிடும்போதெல்லாம் முதலில் வருவது அவள் பெயர்தான்.

வார ஆரம்பத்தில் தங்கையே கூப்பிட்டாள்.

"அக்கா, ஞாயித்துக்கிழமை வர்றோம். கெஞ்சிக் கூத்தாடி சம்மதிக்க வச்சிருக்கேன். அத்தான் ஒரு வார்த்தை சொல்லிட்டா போதும். இந்தத் தடவையும் ஏதாவது ஆச்சுன்னா, இனிமே என்னால அவரைக் கூப்பிட முடியாதுக்கா. நானும் வர முடியாது."

வீட்டம்மா போனை வைத்துவிட்டு அப்படியே ஒப்பித்தார். குஷன்காரர் ரொம்ப நேரம் யோசித்துவிட்டுச் சொன்னார்: "தப்பு எங்கன்னா, திறந்த பக்கத்தை நான் மூடாம விட்டதுதான். மூடிட்டா பீய்ச்சாது."

வீட்டம்மா தலையில் அடித்துக்கொண்டார்.

அந்த வாரம் முழுக்க வீட்டில் மிளகாய்தான். முதலில் பல்குச்சி குத்தினார், எரிந்து போயிற்று. மெல்லிய கம்பி சுற்றினார், இடுக்கு வழியாக ஒழுகிற்று. கடையிலிருந்து நைலான் நூல் கொண்டுவந்து தைத்தார். அது உருகி, வீடெல்லாம் பொசுங்கின நாற்றம். கடைசியில் பருத்தி நூலைத் தண்ணீரில் ஊறவைத்து, பெரிய பெரிய தையலாக மேலோட்டமாக ஓட்டினார். நின்றது. நூலை ஒரே இழுப்பாக உருவிவிட்டு வீட்டம்மாவுக்குத் தின்னக் கொடுத்தார். விருந்தாளிகளுக்கு வைக்க அந்த மேலோட்டத் தையல் போதாது என்று அவருக்குத் தோன்றியிருக்கிறது. மறைதையல்!

"அந்தச் சனியனைப் பார்த்தாலே அவருக்குப் பழசெல்லாம் ஞாபகம் வரும். வேற ஏதாவது செய்யலாங்க" என்றார் வீட்டம்மா. சாப்பாட்டை அப்படிச் சொன்னதற்கு உடனே மனசுக்குள் ஆண்டவனிடம் மன்னிப்பும் கேட்டுக்கொண்டார். அவருக்கு அது மூச்சு விடுகிற மாதிரி வரும். "ஒரே ஒரு வார்த்தைங்க. 'அன்னைக்குத் தப்பாப் பேசிட்டேன் சகலை.' காசா பணமா?"

"தையல் நின்னா அவருக்கே புரியும்."

"தையல் வாய் திறந்து பேசுமா?"

"ம்ம்."

சொன்ன நேரத்துக்கு வந்தார்கள். சகலை கறுப்புச் சட்டை போட்டிருந்தார். "வேணும்னே எடுத்துப் போட்டுட்டு வந்திருக்காரு" என்று தங்கை அடுப்படியில் அக்கா காதோடு சொன்னாள். சிரிப்பதா அழுவதா என்று தெரியாமல் அக்காவும் தங்கையும் ஒருத்தி முகத்தை ஒருத்தி பார்த்துக்கொண்டார்கள்.

பால்கனியில் கரி கனிந்திருந்தது. மிளகாய்களின் தோல் கறுத்துக் கொப்புளித்தது. ஒரு சொட்டு ஒழுகவில்லை. குஷன்காரர் குனிந்து குனிந்து பார்த்தார்.

"பார்த்தியா? ஒரு பொட்டு ஒழுகுச்சா?"

"பார்த்தேங்க. அப்படியே உள்ளே போய் அந்த வார்த்தையையும் சொல்லிடுங்க."

காதில் வாங்காமல் தட்டை எடுத்துக்கொண்டு உள்ளே போனார். சகலைக்கு முதலில் வைத்தார். அவர் மிளகாயை முள்கரண்டியால் தொட்டார், உருட்டினார், ஓரத்தில் கொஞ்சமாகக் கடித்தார். பீய்ச்சவில்லை. வீட்டம்மாவுக்குப் போன உயிர் திரும்பி வந்தது.

ஆனால் சகலை மென்றுகொண்டே இருந்தார். மெல்லுவது முடிகிற வழியாக இல்லை. கடைசியில் இரண்டு விரலை வாய்க்குள் விட்டு எதையோ பிடித்து இழுத்தார். வந்தது. இழுக்க இழுக்க வந்துகொண்டே இருந்தது. சீஸ் ஒட்டின வெள்ளை நூல்.

"என்ன அத்தான் இது?" என்றாள் தங்கை.

"நூல்."

"நூலுன்னா எடுத்துட்டு இல்ல குடுக்கணும்?"

குஷன்காரர் இன்னொரு மிளகாயை எடுத்துத் திருப்பினார். மறுபக்கம் திருப்பினார். வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்தார். முடிச்சை உள்ளே தள்ளிப் புதைத்திருந்தார். கறுத்த தோலில் தையல் வாயே தெரியவில்லை. "எங்க முடிச்சேன்னு எனக்கே தெரியலையே" என்று முணுமுணுத்தார்.

வீட்டம்மாவுக்கு அந்த நிமிஷம் அந்த நாற்காலிச் சட்டத்தையும் கரியையும் ஊசியையும் சேர்த்து மூட்டை கட்டி பால்கனியிலிருந்து கீழே போட்டுவிடலாம் போல் இருந்தது. வாரம் முழுக்க மிளகாயாகவே தின்றதற்கு இதுவா கூலி?

சகலை நூலைச் சுருட்டித் தட்டின் ஓரத்தில் வைத்தார். கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். மாட்டிக்கொள்ளவில்லை. தங்கையின் கை தானாகவே கைப்பை மேல் போயிற்று.

குஷன்காரர் வாயைத் திறந்தார். அவர் முகத்தில் இருந்த வெளிச்சத்தைப் பார்த்தே வீட்டம்மாவுக்கு விஷயம் தெரிந்துவிட்டது. 'இருந்தாலும் தையல் நின்னுச்சா இல்லையா சகலை?' அதுதான் வரப்போகிறது. ஆண்டவனே, அந்த ஊசியைத் திரும்ப அவர் வாயில வைங்க, வேற ஒண்ணும் கேட்க மாட்டேன் என்று வீட்டம்மா மனசுக்குள் கதறினார்.

குஷன்காரரின் கண் சகலையின் மோவாயில் போய் நின்றது. உதட்டுக்குக் கீழே, போன வருஷத்துத் தழும்பு ஒரு அரிசி அளவுக்கு வெளுத்திருந்தது. இத்தனை நேரம் அவர் அதைக் கவனிக்கவில்லை. திறந்த வாய் மூடிக்கொண்டது.

சட்டைக் காலரில் செருகியிருந்த ஊசியை எடுத்தார். சகலையின் தட்டைத் தன் பக்கம் இழுத்து, கையிலிருந்த முழு மிளகாயை அதில் வைத்தார். ஊசி முனையால் மிளகாயின் தோலை நெம்பி, முதல் தையலைத் தேடிப் பிடித்து அறுத்தார். ஊசியை வாயில் கவ்விக்கொண்டு, நகத்தால் நூலைப் பற்றி இழுத்தார். சுட்டது. விரலை உதறிவிட்டு மறுபடி இழுத்தார்.

தங்கை கைப்பையை விட்டுவிட்டு முன்னால் சாய்ந்தாள். அவர் தொழில் வைராக்கியம் இந்தக் குடும்பத்தில் தெரியாதவர் யார்?

"அத்தான், உங்க தையலை நீங்களே பிரிக்கிறீங்களா?"

"ம்ம்."

தையல் தையலாகப் பிரித்தார். கடைசி முடிச்சும் உருவிக்கொண்டு வந்தது. மிளகாயின் வயிறு திறந்து ஆவி குப்பென்று வந்தது. அவர் அதை முள்கரண்டியில் எடுத்தார். வாயிலிருந்த ஊசியை எடுத்து மேசையில் வைத்தார்.

இப்போதாவது சொல்லிவிடுவார் என்று வீட்டம்மா மூச்சைப் பிடித்துக்கொண்டு நின்றார்.

குஷன்காரர் முள்கரண்டியைத் தன் முகத்துக்கு நேரே கொண்டுவந்து, கன்னம் உப்ப ஊதினார். திருப்பிப் பிடித்து அந்தப் பக்கமும் ஊதினார். கட்டைவிரலால் மெல்ல அழுத்திச் சூடு பார்த்தார். இன்னும் ஒரு தரம் ஊதிவிட்டு, சகலையின் தட்டில் வைத்தார்.