மோட்டார் கொட்டகைப் பேய்

என் முதல் படம் வெளியானதிலிருந்து பேட்டி எடுக்க வருகிறவர்கள் ஒன்றையேதான் கேட்கிறார்கள்: கல்யாண மேக்கப் போட்டுக்கொண்டிருந்தவள் பேய் ஆவணப்படங்களுக்கு எப்படிப் போனேன், அங்கிருந்து இயக்குநர் எப்படி ஆனேன்? வாய்க்கு வந்ததைச் சொல்லி அனுப்பிவிடுவேன். உண்மையில் இந்த மூன்றையும் ஒன்பது வயதில், முழுப்பரீட்சை லீவில், குடவாசல் பக்கம் எங்கள் ஊரிலேயே செய்து பார்த்துவிட்டேன்.

மேக்கப் அத்தையிடம் கற்றது. அப்பாவின் ஒரே தங்கை. கும்பகோணத்தில் பியூட்டிஷியன் கோர்ஸ் முடித்துவிட்டு எங்களோடு இருந்தாள். அவள் பழகிப் பார்க்க என் முகம், நான் பழகிப் பார்க்க அவள் முகம். வயல் நடுவில் இருந்த மோட்டார் கொட்டகையில் பேய் இருக்கிறது என்று சொன்னதும் அவள்தான். "மத்தியானத்துல அந்தப் பக்கம் போயிடாதடி, புடிச்சுக்கும்" என்றாள். இதைக் கேட்டுவிட்டு நான் வீட்டில் கிடப்பேனா?

அம்மாவின் போனை எடுத்துக்கொண்டு உச்சி வெயிலில் போனேன். கரண்ட் இல்லை, மோட்டார் ஓடவில்லை, கதவு சாத்தியிருந்தது. உள்ளே ஒரு பெண் சிரித்தாள். வாய்விட்டு, மூச்சு வாங்கும்படி சிரித்தாள். நடுவில் ஓர் ஆண் குரல் மெதுவாக ஏதோ சொன்னது. ஆக, இரண்டு பேய். கதவருகே நின்று ஒரு நிமிடம் வீடியோ பிடித்தேன். செருப்பைக்கூட எடுக்காமல் ஓடிவந்தேன்.

சாயங்காலம் எல்லோரையும் கூடத்தில் உட்காரவைத்துப் போட்டுக் காட்டினேன். அத்தைதான் முன்வரிசை. சிரிப்பு வந்ததும் அம்மா சட்டென்று அப்பாவைப் பார்த்தாள். அப்பா போனை வாங்கி இன்னொரு தடவை கேட்டார். வீட்டில் அத்தை வாயைப் பொத்திக்கொண்டுதான் சிரிப்பாள். அவள் வாய்விட்டுச் சிரித்தால் எப்படி இருக்கும் என்று எனக்கு எங்கே தெரியும்? அப்பா அவளோடு வளர்ந்தவர். எல்லோரும் பயந்துவிட்டார்கள் என்று எனக்கு ஒரே பெருமை.

"யாரு அவன்?" என்று அத்தையிடம் கேட்டார். பேய்களைப் பற்றி அவளுக்குத்தான் தெரியும், அதனால் கேட்கிறார் என்று நினைத்தேன். அத்தை எழுந்து உள்ளே போய்விட்டாள். அந்த ஆண் குரல் யாருடையது என்று எனக்கு இன்றுவரை தெரியாது.

மாதம் திரும்புவதற்குள் நாகப்பட்டினத்தில் மாப்பிள்ளை பார்த்து, மாதா கோவிலில் கல்யாண ஓலை வாசித்துவிட்டார்கள். தடை ஏதும் தெரிந்தவர்கள் வந்து சொல்லலாம் என்று சாமியார் மூன்று ஞாயிறும் சொன்னார். மூன்றாவது ஞாயிறு அத்தை பூசை முடிகிறவரை வாசலைத் திரும்பித் திரும்பிப் பார்த்துக்கொண்டிருந்தாள். யாரும் வரவில்லை.

கல்யாணத்தன்று அவள் பிரஷைத் தொடமாட்டேன் என்றுவிட்டாள். "நீயே போட்டு வுடுடி." அழுது வீங்கிய கண்களை மறைக்க எனக்கு அரைமணி நேரம் பிடித்தது. போட்டுக்கொண்டே, கொட்டகையில் பேய் இன்னும் இருக்கிறதா என்று கேட்டேன்.

"போயிடுச்சு. இனிமே வராது."

பள்ளிக்கூடம் திறந்ததும், ஒரே ஒரு வீடியோவில் பேயை ஊரைவிட்டே விரட்டிவிட்டேன் என்று வகுப்பு முழுக்கச் சொல்லிக்கொண்டு திரிந்தேன்.