நல்ல தமிழில் வந்த கள்ளன்

துணுக்காயில் வயல் செய்கிறோம். நெல் விற்ற பணத்தை மகளின் பல்கலைக்கழகப் படிப்புக்கென்று வங்கியில் போட்டிருந்தோம். சென்ற மாதம் ஒருவர் தொலைபேசியில் அழைத்தார்.

“அம்மா, உர மானியம் போடப் போறம். கணக்கு நம்பரையும் போனுக்கு வந்த இரகசிய எண்ணையும் சொல்லுங்கோ.”

எங்களுடைய தமிழ், அவ்வளவு மரியாதை. சொல்லிவிட்டேன்.

சற்று நேரத்தில் ஒரு பெண் அழைத்துத் தட்டுத்தடுமாறித் தமிழில் பேசினார்.

“பேங்க்ல இருந்து கதைக்கிறது. உங்கட காசு வேற ஆள் எடுக்கப் பாக்கிறது.”

“கள்ளி! முதல்ல வடிவாத் தமிழ் பழகிப்போட்டு ஏமாத்த வா!” என்று ஏசிவிட்டுத் தொலைபேசியை வைத்துவிட்டேன்.

விடயத்தைக் கேட்ட கணவர், “இரகசிய எண்ணை ஒருத்தருக்கும் சொல்லக்கூடாதெல்லோ!” என்று எழும்பினார். இருவரும் மல்லாவியில் உள்ள வங்கிக் கிளைக்கு ஓடினோம்.

“பயப்படாதேங்கோ அம்மா, காசு இருக்கு,” என்றார் முகாமையாளர். “புதுப் போன் ஒண்டில இருந்து, நீங்கள் ஒருநாளும் அனுப்பாத கணக்குக்கு அனுப்பப் பார்த்திருக்கிறாங்கள். அதைக் கண்டு எங்கட கணினி தானாவே மறிச்சிட்டுது. அதைச் சொல்லப் போன் எடுத்த எங்கட பிள்ளைக்குத்தான் நல்ல ஏச்சாம்!”

இப்போது காசு, கணக்கு என்று யார் எந்தத் தமிழில் பேசினாலும் வைத்துவிட்டு, வங்கி அட்டையின் பின்னால் உள்ள இலக்கத்துக்கு நானே போன் எடுக்கிறேன். அந்தப் பிள்ளை மறுபடி அழைத்தாலும் அப்படித்தான். நானே எடுத்து, பிறகு மன்னிப்புக் கேட்பேன்.